கழுதை மேல் மீன்

யாங்ஜோ நகரத்து உப்பு வணிகர் பெங்கின் கூடத்தில் அன்று மதியம் இருந்தவர்கள்: வாசலைப் பார்த்த பெரிய நாற்காலியில் பெங். அவருக்கு இடப்பக்கம், அதாவது மரியாதைக்குரிய பக்கம், பழைய ஓவியங்களின் வரலாற்றைத் தொகுத்து அச்சிட்ட யென் ஆசிரியர். வலப்பக்கம், அந்த இடப்பக்க நாற்காலி மேலேயே கண்ணாக, கோங் புலவர். வாசலோரம் முக்காலியில் பழம்பொருள் வியாபாரி லாய். மறைப்புத் தட்டிக்குப் பின்னால் பெங்கின் மனைவி. அவர் இருப்பது தர்பூசணி விதை கொறிக்கும் சத்தத்தில் தெரிந்தது.

லாய் சுருளை மேசைமேல் மெல்ல விரித்தார். தாங் அரசர்கள் காலத்து ஓவியமாம், பல நூறு வருஷமாகக் காணாமல் போயிருந்ததாம். பழுப்பேறிய பட்டு. பனி மூடிய மலை. மரப்பாலம். பாலத்தின் மேல் ஒரு கழுதை.

கழுதையின் மேல் ஒரு மீன்.

நல்ல பருமனான கெண்டை மீன். தலையில் புலவர் தொப்பி. நிமிர்ந்து உட்கார்ந்திருந்தது.

யென் குனிந்து அந்த மீனை இன்னொரு முறை பார்த்தார்.

"ஆசிரியரே, உங்க புத்தகத்துல இருக்கிறது அப்படியே இருக்கே!" பெங் புத்தகத்தைப் புரட்டி உரக்க வாசித்தார். "'மீன் புலவர் கழுதை ஏறிப் பாலம் கடக்கும் படம்.' இதோ மீன், இதோ கழுதை, இதோ பாலம்!"

"வழுக்காதாங்க?" என்று தட்டிக்குப் பின்னாலிருந்து குரல் வந்தது.

"எது?"

"மீனு. கழுதை மேல."

"நீ சும்மா இரு. இது அந்தக் காலத்து மீனு."

கோங் வாய்விட்டுச் சிரித்தார். "பெங் ஐயா, அது மீனே இல்ல, லூ. லூ நாட்டுப் புலவர். மீன்ங்கிற எழுத்துக்கு அடியில ஒரு சின்னக் கட்டம் போட்டா லூங்கிற எழுத்து. அச்சுப் பலகை செதுக்கினவன் கட்டத்தை முழுங்கிட்டான், நம்ம ஆசிரியர் அதைப் பாக்கவே இல்ல. எவனோ ஒரு போலிக்காரன் இந்தப் புத்தகத்தைப் பாத்து வரைஞ்சு வச்சிருக்கான். புத்தகம் வந்ததே போன வருஷம். தாங் காலத்து ஓவியன் எந்தக் கடையில வாங்கிப் படிச்சானாம்?"

பெங்கின் முகம் மாறியது. "இந்தப் புத்தகத்தை நம்பித்தான் நான் படமே வாங்குறேன். அச்சடிக்க வச்சதும் நான்தான். இதுல ஒண்ணு தப்புன்னா மத்ததை எப்படி நம்புறது? பலகை அத்தனையும் சமையல்கட்டுக்குப் போயிடும், ஆசிரியரே. நல்லாக் காஞ்ச பேரிக்காய் மரம். திகுதிகுன்னு எரியும்."

யென்னின் பாதி வாழ்நாள் அந்தப் பலகைகளில் இருந்தது. கோங் சொன்னதோ அட்சரம் பிசகாத உண்மை. அச்சில் கட்டம் விடுபட்டுத்தான் போயிருந்தது. 'மடையா, மடையா' என்று மனதுக்குள் ஒருவனைத் திட்டித் தீர்த்தார். பிறகு தொண்டையைச் செருமிக்கொண்டார்.

"கோங் அவர்களே, கட்டத்தைச் சேர்த்ததுதான் பின்னால வந்தவங்க செஞ்ச தப்பு. மீனோட அர்த்தம் புரியாம சேர்த்துட்டாங்க. சரி, கெண்டை மீன் டிராகன் வாசலைத் தாண்டிக் குதிச்சா என்ன ஆகும்?"

"டிராகன் ஆகும். அரசாங்கத் தேர்வுல ஜெயிச்சவங்களை அப்படிச் சொல்றதுதானே? இது குழந்தைக்குக்கூடத் தெரியும்."

"குதிக்க முடியலேன்னா?"

கோங் படத்தை எட்டிப் பார்த்தார்.

"கழுதை புடிச்சு ஊருக்குத் திரும்பும்," என்றார் யென். "தேர்வுல தோத்த புலவர். அதான் படம். மாகாணத் தேர்வுக்கு அத்தனை தடவை போயிட்டு வந்த உங்களுக்கே இது புரியலியே, அதான் ஆச்சரியமா இருக்கு."

தட்டிக்குப் பின்னால் விதை புரையேறியது. கோங் காது சிவக்க எழுந்து, ஊற்றி வைத்த தேநீரைத் தொடாமலே போய்விட்டார்.

பெங் தொடையைத் தட்டிக்கொண்டு சிரித்தார். "தோத்த மீனு! கழுதையில போகுது!" சிரித்தபடியே, படம் இனித் தன்னுடையது என்று காட்டத் தன் முத்திரையை எடுத்துவந்து, பனி வானத்தின் நட்டநடுவே உள்ளங்கை அகலத்துக்குச் சிவப்பாகக் குத்தினார். யென்னும் ஓரமாக 'அசல்' என்று எழுதித் தன் முத்திரையை வைத்தார். லாய் கும்பிட்டு நின்றார்.

"ஆசிரியரே, இதுக்கு ஜோடிப் படம் ஒண்ணு உண்டுன்னு போட்டிருக்கீங்களே? 'நாய்த் தளபதி படை நடத்தும் படம்.'"

யென் எட்டிப் பார்த்தார். 'பெரிய' என்ற எழுத்தின் தோளில், செதுக்காமல் விட்ட மரத்துணுக்கு ஒரு புள்ளியாக அச்சாகியிருந்தது. அந்த எழுத்துக்குப் புள்ளி வைத்தால் நாய்.

"உண்டு," என்றார் ஈனக் குரலில்.

"எங்க இருந்தாலும் அது எனக்கு வேணும். லாய், தேடு!"

வீட்டுக்கு வந்ததும் யென் மை அரைக்க உட்கார்ந்தார். இன்றைய கூத்துக்குக் காரணமானவனைச் சும்மா விடுவதற்கில்லை. அவன் சூஜோவில் இருந்தான். எந்தத் தெரு, எந்த வீடு என்பதுகூட யென்னுக்குத் தெரியும். கடிதத்தை ஒரே மூச்சில் எழுதினார். மடித்து, பசை தடவி ஒட்டி, 'அசல்' என்ற சொல்லுக்குக் கீழே வைத்த அதே முத்திரையை அதன் மேலும் குத்தினார். சூஜோ போகும் படகுக்காரரிடம் கொடுத்துவிட்டு, படகு கால்வாய் வளைவில் மறையும்வரை கரையிலேயே நின்றார்.

கடிதத்தில் இருந்தது இவ்வளவுதான்: "மச்சானுக்கு, நான் கைப்பட எழுதிக் கொடுத்த குறிப்பை விட்டுவிட்டு அச்சுப் புத்தகத்தை எதற்கடா பார்த்து வரைந்தாய், மீனை எப்படியோ தள்ளிவிட்டேன், உன் பங்கை லாயிடம் வாங்கிக்கொள், இனி வேறு வழியில்லை, அடுத்த படத்தில் தளபதியைப் புத்தகத்தில் உள்ளபடியே வாலோடு வரை."