சமாதான டோஸ்ட்

"என்ன பண்ணித் தொலைச்சே? அதை முதல்ல சொல்லு."

ஷூவைக்கூடக் கழற்றாமல் சமையலறை வாசலில் நின்று கேட்டார் கணவர். வெண்ணெய் உருகும் வாசனை தெருமுனையிலேயே அவரைப் பிடித்து இழுத்து வந்திருந்தது.

அவள் ரொட்டித் துண்டின் மேல் சீஸைத் துருவிக்கொண்டிருந்தாள். பத்து நிமிட வேலை. ரொட்டி, வெண்ணெய், சீஸ், சின்னத் தீ, மேலே ஒரு மூடி. சொல்ல வேண்டிய விஷயமும் ஒரே வரிதான். மதியத்திலிருந்து அதை வாய்க்குள்ளேயே புரட்டிக்கொண்டிருக்கிறாள். கேட்கிற மனிதர் நொறுங்காமல் அதை எப்படிச் சொல்வது என்றுதான் தெரியவில்லை.

அந்த வீட்டில் சீஸ் டோஸ்ட் என்பது தின்பண்டம் அல்ல, வாக்குமூலம். கல்யாணமான புதிதில் அவருடைய ஒரே கம்பளிக் கோட்டை வாஷிங் மெஷினில் போட்டு, பொம்மைக்கு ஆகிற அளவுக்குச் சுருக்கிய அன்று முதன்முதலாகச் செய்து கொடுத்தாள். அவர் தின்றார், திட்டு பாதியில் நின்றது. அப்புறம் காரைத் தூணில் தேய்த்த அன்று ஒன்று. அவருடைய அக்காவிடம் பேசிவிட்டு, போனை அணைக்க மறந்து, அக்காவைப் பற்றியே பேசிய அன்று இரண்டு.

அவர் தவாவை எட்டிப் பார்த்தார். "ரெண்டா? அப்போ விஷயம் பெரிசு."

"உக்காருங்க. சாப்பிட்டுட்டே பேசலாம்."

"விசாரணை முடியாம நான் தட்டைத் தொடறதில்ல."

வாசல் பலகையில் தன் பெயரைவிடப் பெரிய எழுத்தில் 'தரக்கட்டுப்பாட்டு மேலாளர்' என்று எழுதி வைத்திருப்பவர் அவர். குழாய் தயாரிக்கும் கம்பெனி. இருபத்தாறு வருடம் குழாய்களில் குறை கண்டு பழகிய கண், வீட்டுக்கு வந்தாலும் சும்மா இருக்குமா?

"தீ அதிகம். ஓரம் கருகுது. எங்க செக்ஷன்ல இது ரிஜெக்ட்."

"கருகலை. சிவக்குது."

"சிவக்கறதுக்கும் கருகறதுக்கும் நடுவுல ஒரு கோடு இருக்கும்மா. அந்தக் கோட்டைப் பார்க்கத்தான் எனக்குச் சம்பளம்."

அவள் மூடியைப் போட்டாள், வேண்டியதைவிடக் கொஞ்சம் சத்தமாகவே. "என்னங்க, நான் சொல்ல வந்தது..."

"உன் தம்பி வர்றான். குடும்பத்தோட. ஒரு மாசம் டேரா."

"அவன் ஒண்ணும் வரலை."

"அப்போ பாத்ரூம் குழாயை நீயே முறுக்கி..."

"குழாய்க்கு ஒண்ணும் ஆகலைங்க! என்னைக் கொஞ்சம் பேச விடறீங்களா?"

"ஆங்! என் குடை!" ஆள்காட்டி விரல் மேலே போனது. "மூணு வாரமா காணோம். பக்கத்து வீட்டம்மாவுக்குத் தூக்கிக் கொடுத்திருக்கே. தினமும் கேக்கறேன், தினமும் 'நான் பார்க்கவே இல்லை'ன்னு சாதிக்கறே. இன்னிக்கு மனசாட்சி குத்திடுச்சு. அதானே?"

அவள் மூடியைத் தூக்கினாள். டோஸ்டைத் திருப்பிப் போட்டாள். இந்த மனிதரிடம் ஒரு வரி சொல்வதற்குள் நாலு ரொட்டி கரியாகிவிடும்.

"பாரு, பேச்சே இல்லை. இன்னிக்கு மீட்டிங்லயும் இதைத்தான் சொன்னேன். தப்பை ஒத்துக்கறதுதான் தரத்தோட முதல் படின்னு. முதலாளியே எழுந்து நின்னு கைதட்டினார்."

"இன்னிக்கா?"

"பின்னே? நான் ஒரு நாள் லீவு போட்டா அந்தக் கம்பெனியிலேர்ந்து ஒரு குழாய் வெளியே போகாது, தெரியுமில்ல?"

அவருடைய சட்டைக் காலருக்குப் பின்னால் ஒரு காய்ந்த இலை ஒட்டிக்கொண்டிருந்தது. அவள் எடுத்துக் குப்பைக் கூடையில் போட்டாள். நேற்றும் ஒன்று இருந்தது.

டோஸ்டுகளைக் குறுக்கே வெட்டித் தட்டில் வைத்தாள். நாலு முக்கோணங்களின் ஓரத்திலும் சீஸ் நூலாய் இழுபட்டு வழிந்தது.

"சாப்பிடுங்க. உங்க வாய் நிறைஞ்சாத்தான் நான் பேச முடியும்."

விசாரணை முடியாவிட்டாலும் வாசனை ஜெயித்தது. முதல் கடி கடித்தார். "உப்பு கம்மி. ஆனாலும் பாஸ்." இரண்டாவது கடிக்குத் தீர்ப்பு எதுவும் வரவில்லை. கண்ணை மூடி மென்றார். விறைத்திருந்த தோள்கள் மெல்லக் கீழே இறங்கின. குறை கண்டுபிடிக்கிற முகம் கழன்று, அடியில் களைத்துப்போன ஒரு முகம் எட்டிப் பார்த்தது.

"சரி போ, மன்னிச்சாச்சு." மூன்றாவது முக்கோணத்தை எடுத்தார். "குடை யார்கிட்ட இருக்கு? அதை மட்டும் சொல்லிடு."

அவள் எதிர் நாற்காலியில் உட்கார்ந்தாள். தண்ணீர் டம்ளரை அவர் பக்கம் நகர்த்தினாள்.

"உங்க ஆபீஸ்லதான் இருக்காம். மத்தியானம் போன் பண்ணினாங்க. மூணு வாரத்துக்கு முன்னாடி, கடைசி நாளன்னிக்கு, மேசையைக் காலி பண்ணிட்டுக் கிளம்பினப்போ மறந்து விட்டுட்டு வந்துட்டீங்களாம்" என்றாள் அவள். "இன்னும் ஒண்ணு வாட்டட்டுமா?"