ஷோகேஸ் முக்காலி

விற்பனைப் பெண்கள் உட்கார இருக்கை தர வேண்டும் என்ற சட்டத்தைக் காட்டித் தொழிலாளர் அதிகாரி நோட்டீஸ் கொடுத்ததும், அந்த ஜவுளிக்கடையில் இருபது முக்காலிகள் வந்து இறங்கின. நான்காம் நாளே முதலாளி நோட்டீசுக்கு இடைக்காலத் தடை வாங்கிவிட்டார். முக்காலிகள் ஒன்றின்மேல் ஒன்றாக மாடிப்படிக்கு அடியில் போய் நின்றன.

பட்டுப் பிரிவில் பதினோரு வருஷமாக நிற்கும் பேச்சிக்கனி மேலாளரிடம் கேட்டாள்: “தடை நோட்டீசுக்குத்தான சார்? சட்டம் அப்படியேதான இருக்கு?”

“அத ஜட்ஜுகிட்டப் போயிக் கேளு. அடுத்த வாய்தா வரைக்கும் எவளும் உக்காரக் கூடாது.”

ஒரு முக்காலி மட்டும் வாசல் ஷோகேஸுக்குப் போனது. கை கால் மடங்கும் பொம்மையை அதில் உட்காரவைத்துக் கல்யாணப் பட்டு கட்டினால் கொசுவம் எடுப்பாகத் தெரியும் என்றார் முதலாளி. தினமும் கட்டிவிடுவது பேச்சிக்கனிதான். நரம்பு சுருண்ட கால்களோடு அதன்முன் குனியும்போதெல்லாம் பொம்மையின் முழங்கால்களையே பார்ப்பாள்.

மூன்றாவது வாய்தாவும் தள்ளிப்போன மறுநாள் காலை, முதலாளி காரைவிட்டு இறங்கி ஷோகேஸ் முன் நின்றார். அரக்குப் பட்டின் கொசுவத்தைப் பார்த்துத் திருப்தியாகத் தலையசைத்துவிட்டு உள்ளே போனார். பட்டுப் பிரிவில், சீருடைச் சேலை கட்டிய பொம்மை நின்றுகொண்டிருந்தது. அங்கே அவருடைய செருப்புச் சத்தம் சட்டென்று நின்றது.

ஷோகேஸ் முக்காலியில் அரக்குப் பட்டோடு உட்கார்ந்திருந்த பேச்சிக்கனி திரும்பவில்லை. அவள் கால்களிலிருந்து பதினோரு வருஷம் மெல்ல இறங்கிக்கொண்டிருந்தது.