டூர் கேசட்

“ஆன்ட்டி, நீங்க பாரிசுக்கு எந்த வருஷம் போனீங்க?”

கேமராவை ஸ்டாண்டில் பொருத்தியபடியே சந்தியா கேட்டாள். ஞாயிற்றுக்கிழமை நடக்கும் பட்டு வியாபாரிகள் விழாவில் காந்தாவுக்குச் சிறந்த டிசைனர் விருது. மேடையில் போட ஒரு சின்னப் படம் எடுக்க வந்திருந்தாள்.

காந்தா சிரித்துவிட்டாள். “நல்லா கேட்டம்மா! வாலாஜாபாத்தைத் தாண்டிப் போனதே நாலு தபாதான்.”

“அப்போ நீங்க வரைஞ்ச இந்தப் புடவை? முப்பது வருஷமா முகூர்த்தத்துக்கு இதைத்தானே கேட்டு வாங்கறாங்க. டிசைன் அப்படியே பாரிஸ் ஸ்டைல்ல இருக்குது!”

“அதுவா? இவரு அப்போ வாசல் ரூம்ல வீடியோ கடை வெச்சிருந்தாரு. டூர் கேசட் நிறைய வரும். அதுல ஒண்ணைப் பாத்துதாம்மா வரைஞ்சேன்.”

மூலையில் காபி குடித்துக்கொண்டிருந்த கணவர் அப்பாதுரைக்குப் புரை ஏறியது.

டூர் கேசட்! ‘பாரிஸில் ஏழு நாள்’, ‘பாங்காக் பயணம்’ என்றெல்லாம் அவரே கைப்பட எழுதி ஒட்டிய லேபிள்கள். முதல் இரண்டு நிமிஷம் கோபுரம், ஆறு, படகு. அப்புறம் ஓட்டல் அறைக் கதவைச் சாத்திவிடுவார்கள். மிச்சப் படம் முழுக்க அறைக்குள்ளேதான். தலையில் துண்டைப் போட்டுக்கொண்டு வந்து வாங்கிப்போன பெரிய மனிதர்கள் எத்தனை பேர்! காந்தாவிடம் மட்டும், ‘ஊர் சுத்திக் காட்டற படம், உனக்கு போரடிக்கும்’ என்று இன்றுவரை சொல்லி வைத்திருந்தார்.

“அந்த கேசட் இருக்குதா ஆன்ட்டி? ஒரு சீனை விழாவுல பெரிய ஸ்கிரீன்ல போட்டா சூப்பரா இருக்கும்!”

“பரண் மேல பொட்டியில இருக்குமே.”

“பூஞ்சை பூத்துப் போச்சும்மா, ஓடாது” என்று அப்பாதுரை அவசரமாகக் குறுக்கிட்டார்.

“கவலையே படாதீங்க அங்கிள். பிரேம்நாத்னு என் ஃபிரெண்டு, எப்பேர்ப்பட்ட கேசட்டையும் கிளீன் பண்ணி முழுசா காப்பி எடுத்துடுவான்.”

முழுசாவா!

அறுபத்தெட்டு வயதில், மூட்டு வலியோடு அப்பாதுரையே பரணில் ஏறினார். வேறு யாரையும் ஏணியைத் தொடவிடவில்லை. ஐந்து நிமிஷம் கழித்து, கொத்துக் கொத்தாகப் பிய்ந்த கறுப்பு நாடாவோடு இறங்கினார்.

“எலி கடிச்சி நாசம் பண்ணிட்டுதும்மா.”

சந்தியா உச்சுக்கொட்டினாள். காந்தாவைப் புடவையும் கையுமாக நாலு படம் எடுத்துக்கொண்டு கிளம்பினாள். அப்பாதுரைக்குப் போன உயிர் திரும்பி வந்தது.

ஆனாலும் ஒரு சந்தேகம் அவரை விடவில்லை. மனைவி பக்கத்தில் உட்கார்ந்து, ஒன்றும் தெரியாதவர் போலக் கேட்டார்.

“ஏன் காந்தா, அந்தக் கோபுரம், ஆறெல்லாம் வருமே, அது வரைக்கும்தானே பாத்த?”

காந்தா புடவையை மடியில் விரித்துப்போட்டாள்.

“கோபுரத்துல ஏதுங்க பூவு? இந்த பார்டரு, அந்த ரூம் ஜன்னல்ல தொங்கின திரை. முந்தானை, கட்டில் மேல போட்டிருந்த விரிப்பு. நீங்க மெட்ராசுக்கு கேசட் எடுக்கப் போன அன்னிக்கு, கிராஃப் நோட்டும் பென்சிலுமா உக்காந்துக்கினு இருந்தேன். அந்த ரெண்டு பேரும் எப்ப எழுந்து போவாங்க, நடுப் பூ எப்ப தெரியும்னு ஒண்ணரை மணி நேரம் இல்ல காத்துக்கினு இருந்தேன்!”