ஐஸ் லோடு

அவர் கடைசி ரோபோவையும் முடுக்கிவிட்டுக் கைகளைத் தேய்த்துக்கொண்டார்.

விளையாட்டுத் திரையில் செவ்வாய்க் கிரகம் எறும்புப் புற்றாகிவிட்டது. குவாரியிலிருந்து தண்ணீர் ஆலைவரை ரோபோக்கள். ஒவ்வொன்றின் தலையிலும் ஒரு ஐஸ் பாளம். போகிற வரிசை ஒன்று, வருகிற வரிசை ஒன்று. முட்டல் இல்லை, மோதல் இல்லை, டீக்கு ஓரங்கட்டுவதில்லை. இந்த வேகத்தில் போனால் பொங்கலுக்குள் மேட்டூர் அணையையே நிரப்பிவிடலாம்.

சங்ககிரியில் லாரி புக்கிங் ஆபீஸில் ஆயுசைக் கழித்தவர். ஒரு லோடு ஏற்ற ஊரையே கூட்டியவர். இப்போது ஒரு பொத்தான் போதுமாக இருந்தது.

எல்லாம் சகலைக்காக.

சகலை நாச்சிமுத்து தாராபுரத்தில் இருந்தார். காஷ்மீருக்கு ஆப்பிள் லோடுக்குப் போனபோது, எதிரே உருண்டு வந்த பனிமலையையே ஹாரன் அடித்து ஒதுங்கவைத்த டிரைவர். சகலையைப் பற்றி இவர் சொல்லும் கணக்கு அப்படி. போன ஆடியில் வாதம் வந்து வலது பக்கம் விழுந்துவிட்டது. மிஞ்சியது இடது கட்டைவிரலும் வாயும்.

அந்தக் கட்டைவிரல்தான் இதுவரை செவ்வாய்க்கே தண்ணீர் கொண்டுவந்தது.

விளையாட்டில் ஆளுக்கொரு வேலை. அவரவர் வீட்டில் உட்கார்ந்தபடி இவர் ஊரைக் கட்டுவார். நாச்சிமுத்து ஐஸ் வண்டி ஓட்டுவார். முதல் நடைக்கு முன்னால் சக்கரத்துக்கு எலுமிச்சம்பழம் கேட்டு அடம்பிடித்தார். செவ்வாயில் எலுமிச்சைக்கு எங்கே போவது? பசுமைக்குடிலில் காய்த்திருந்த ஒரே தக்காளியை நசுக்கிய பிறகுதான் வண்டி நகர்ந்தது. குடியேறிகள் அன்று பட்டினி.

ஓட்டும்போதெல்லாம் ஹெட்ஃபோனில் புலம்பல்.

"ஏனுங் சகலை, இது ரோடுங்களா, பல்லு போன சீப்புங்களா? மனுசன் ஓட்டுவானா இதுல? ஒரு நா லீவு குடுங்க சாமி!"

அவர் அதை நம்பினார்.

காலமெல்லாம் டிரைவர்களோடு கிடந்தவர், அதைப் போய் நம்பினார்.

ரோபோக்கள் ஓடிக்கொண்டிருக்கும்போதே நாச்சிமுத்து விளையாட்டுக்குள் வந்தார். காதில் மூச்சு கேட்டது.

"பாத்தீங்களா சகலை! இனி நீங்க காலை நீட்டிப் படுங்க. ராசா மாதிரி!"

நாச்சிமுத்து வண்டியைக் கிளப்பினார்.

வண்டி கொட்டகையை விட்டு வெளியே வந்தது. குவாரிக்குப் போனது. வெட்டிய ஐஸ் ஒரு பாளம்கூட இல்லை. ஆலைக்குப் போனது. தொட்டி நிறைந்து வழிந்துகொண்டிருந்தது.

திரும்பி வரும்போது நடுப்பாதையில் நின்றது.

ரோபோக்கள் இரண்டு பக்கமும் விலகிப் போயின. வண்டி அங்கே இருப்பதற்காக ஒன்றுகூட வேகத்தைக் குறைக்கவில்லை.

"லோடு இல்லீங்களா சகலை?"

இந்தக் குரல் அவருக்குத் தெரியும். ஆபீஸ் வாசலில் துண்டால் கழுத்தைத் துடைத்தபடி நிற்கும் குரல். ஆயிரம் பேருக்கு, லட்சம் பேருக்கு, தலை நிமிராமலேயே இல்லை என்று சொல்லியிருக்கிறார்.

இப்போது நிமிர்ந்து திரையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

ரோபோக்களுக்கு ஒரு விதியும் கொடுத்திருந்தார். பாதையில் சும்மா நிற்பது எதுவானாலும் பிரித்துக் கிடங்கில் சேர்த்துவிட வேண்டும். மீசையைத் தடவிக்கொண்டே போட்ட விதி.

ஒரு ரோபோ வந்து முன்சக்கரத்தைக் கழற்றியது.

அடுத்தது கதவை.

அவர் பதறிப்போய் அந்த விதியை நிறுத்துவதற்குள் சீட்டும் ஸ்டியரிங்கும்தான் மிச்சம். சீட்டில் நாச்சிமுத்துவின் பொம்மை உருவம், கை ஸ்டியரிங்கில் இருந்தபடியே.

"கெட்டிக்காரப் பசங்க" என்றார் நாச்சிமுத்து. சிரிக்கப் பார்த்தார். "செரிங்க சகலை. வெச்சரட்டுங்களா?"

மறுநாள் வரவில்லை. அதற்கு மறுநாளும்.

தாராபுரத்துக்குப் போன் போட்டபோது கொழுந்தியாள்தான் எடுத்தாள்.

"செவுத்தப் பாத்துப் படுத்தவருதானுங் மாமா. சோத்துக்குக்கூடத் திரும்ப மாட்டேங்கறாரு."

அவர் ரோபோக்களை ஒன்றுவிடாமல் நிறுத்தினார். வண்டியின் பாகங்களை மறுபடி பூட்டினார். குவாரியில் பாளம் பாளமாக வெட்டி அடுக்கினார். பாதையில் பள்ளங்கள் மட்டும் அப்படியே இருக்கட்டும் என்று விட்டார்.

பிறகு மறுபடி போன்.

"அவரு காதுல வையி தாயி. சகலை! சொட்டுத் தண்ணி இல்லீங்க. முந்நூறு உசுரு நாக்கு வறண்டு கெடக்குது!"

தலையை எண்ணினால் இருபதுகூடத் தேறாது.

மறுமுனையில் மூச்சு. அப்புறம் லைன் துண்டானது.

தொட்டியில் தண்ணீர் இறங்கிக்கொண்டே வந்தது. மஞ்சள் விளக்கு சிவப்பானது. குடியேறிகள் வேலையைப் போட்டுவிட்டு ஆலை வாசலில் வந்து உட்கார்ந்தார்கள். முதலில் சமையற்காரி படுத்தாள். அப்புறம் தோட்டக்காரன்.

மனைவி தெய்வாத்தாள் காபியோடு வந்தவள், திரையைப் பார்த்து நின்றாள்.

"ஏனுங்க, பாவம், சாகுதுகளே. அந்த மிசினுல ஒண்ணத் தட்டிவுட்டாத் தண்ணி வந்துராதுங்களா?"

"டிரைவர் வரட்டும்."

அவள் அவர் முகத்தைப் பார்த்தாள். அங்கே தாராபுரத்தில் இருப்பது அவள் தங்கை.

டம்ளரை மேசையில் வைத்தாள். ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டு, ஆளில்லாத வண்டியைப் பார்த்தபடி பக்கத்தில் உட்கார்ந்தாள்.