நெல் மூட்டைமேல் ஒரு குளம்

இருபத்தோரு மீன்களையும் குழிகளில் உட்கார வைத்து முடித்த பிறகுதான் பேட்டரி இல்லை என்பது என் வீட்டுக்காரருக்குத் தெரிந்தது.

துபாயிலிருந்து முந்தாநாள் வந்து இறங்கியவர். பேட்டரியைத் தனியாக வாங்க வேண்டும் என்று விளையாட்டுச் சாமான் பெட்டியில் ஆங்கிலத்தில் போட்டிருந்ததை, பக்கத்து வீட்டுக் கிளாட்சன்தான் எழுத்துக்கூட்டிப் படித்துச் சொன்னான். ஆறாவது படிக்கிறான்.

சாப்பாட்டுத் தட்டு அளவுக்கு நீல பிளாஸ்டிக்கில் ஒரு குளம். சுவிட்சைத் தள்ளினால் குளம் சுற்றும், மீன்கள் வாயைத் திறந்து திறந்து மூடும். நாலு பேருக்கு நாலு குட்டித் தூண்டில். வாய் மூடுவதற்குள் நூல் நுனியில் இருக்கும் மணியை உள்ளே விட்டு வெடுக்கென்று தூக்க வேண்டும். கையால் தொட்டால் ஆட்டம் செல்லாது.

கடலோரம் முத்துப்பேட்டையில் பிறந்த எனக்கே தூண்டில் பிடிக்கச் சொல்லிக்கொடுத்தார். பாவம் என்று கேட்டுக்கொண்டேன்.

சம்பா அறுவடை முடிந்து கூடம் முழுக்க நெல் மூட்டை. இரண்டு மூட்டைகளைச் சேர்த்துப் போட்டு, மேலே பலகை வைத்து, அதன்மேல் குளத்தை வைத்தார். பலகை ஆடியது. அடியில் துண்டை மடித்துச் செருகினார். சிக்கிக்கிடந்த நூல்களைப் பல்லால் இழுத்துப் பிரித்தார்.

இவ்வளவு மெனக்கெடுவது யாருக்காக என்று எனக்குத் தெரியும்.

மகள் ஜாஸ்லினுக்கு நாலரை வயது. அவர் விமானம் ஏறியபோது அவள் என் வயிற்றில் ஆறு மாதம். நடுவில் ஒரு தடவை வர இருந்தார், லீவு கிடைக்கவில்லை.

வந்த நேரத்திலிருந்து அவரை ‘மாமா’ என்றுதான் கூப்பிடுகிறாள். கல்யாண போட்டோவைக் காட்டிப் பார்த்தோம். அதில் இருக்கிற மீசையும் தலைமுடியும் இப்போது இவரிடம் இல்லை. பிள்ளையைக் குற்றம் சொல்ல முடியாது.

இன்று காலை மாதா கோயில் பூசைக்குப் போகும்போதே சொல்லிவிட்டார், இந்த விளையாட்டில் அவளை ‘அப்பா’ என்று கூப்பிட வைத்துவிடப் போவதாக.

கிளாட்சன் அரசப்பன் கடைக்கு ஓடினான். டார்ச்சுக்குப் போடும் பெரிய பேட்டரி இருந்ததாம், கடிகாரத்துக்குப் போடும் சின்னது இருந்ததாம். எங்களுக்கு வேண்டிய நடுத்தர அளவு மட்டும் இல்லை. அதற்கு நீடாமங்கலம் போக வேண்டும். ஞாயிற்றுக்கிழமை பஸ் சாயங்காலம்தான்.

அந்த அளவு பேட்டரி வீட்டில் ஒரே இடத்தில் இருந்தது. டேப் ரிக்கார்டருக்குள்.

அதை ஜாஸ்லின் மடியில் வைத்துக் கட்டிப்பிடித்திருந்தாள்.

“தர மாட்டேன்.”

கெஞ்சினார். வெளிநாட்டுச் சாக்லேட்டைக் காட்டினார். சாக்லேட்டை வாங்கிக்கொண்டாள், டேப் பெட்டியைத் தரவில்லை. பிடிவாதம் மட்டும் அப்படியே அவர் வீட்டுச் சொத்து.

கடைசியில் சிவப்புத் தூண்டில்தான் அவளை அசைத்தது.

“விளையாடி முடிச்சதும் திரும்பப் போட்டுடணும் மாமா. சத்தியமா?”

சத்தியம் செய்தார். பெட்டியின் பின்பக்க மூடியைத் திறந்து, இரண்டு பேட்டரிகளை அவளே பூப்போல எடுத்துக் கொடுத்தாள்.

குளம் கிர்ரென்று சுற்ற ஆரம்பித்தது. அதற்குப் பிறகு யார் பெரியவர், யார் சின்னவர் என்று யாருக்கும் நினைப்பில்லை.

கிளாட்சனின் நூல் என் நூலோடு பின்னிக்கொண்டது. நான் அவனைத் திட்டுகிற சாக்கில் ஒரு மீனைக் கையால் அள்ளினேன். கையும் களவுமாக மாட்டினேன். அடுப்பில் குழம்பு தீய்கிற வாசம் வந்தது. யார் எழுந்து போவது?

என் வீட்டுக்காரர் அங்கே கிரேன் ஓட்டுகிறவர். இரும்புத் தூணைத் தூக்கி மாடிமேல் வைக்கிற கைக்கு ஒரு பிளாஸ்டிக் மீன் மாட்டவில்லை. பிள்ளைக்காக வேண்டுமென்றே விடுகிறாரோ என்று கவனித்தேன். இல்லை, நிஜமாகவே மாட்டவில்லை.

ஜாஸ்லின் ஒன்பது. கிளாட்சன் ஏழு. நான் ஐந்து. அவர் பூஜ்யம்.

“மாமா தோத்தாங்குளி!” என்று அவர் தோளைப் பிடித்துக்கொண்டு குதித்தாள்.

சிரித்தார். ‘மாமா’ என்றதும் முகம் ஒரு கணம் சுருங்கியதை நான் பார்த்தேன். எனக்கும் வலித்தது.

சத்தியப்படி பேட்டரிகள் பெட்டிக்குள் திரும்பின. அவள் பொத்தானை அழுத்தினாள்.

“ஜாஸ்லின் செல்லம், அப்பா பேசுறேன். சாப்பிட்டியாம்மா?” என்றது பெட்டி.

அவள் அதன்மேல் வாயை வைத்தாள்.

“இன்னும் இல்லப்பா. கொழம்பு தீஞ்சுபோச்சு. நான் ஒம்போது மீன் புடிச்சேன். ஒரு மாமா வந்திருக்காங்கப்பா, அவங்களுக்கு ஒண்ணுகூட மாட்டல.”

எனக்குத் தூக்கிவாரிப்போட்டது.

துபாயில் இவரோடு வேலை பார்க்கும் நாகூர் ஹபீப் முகம்மது பாய் லீவில் வரும்போதெல்லாம் அவரிடம் இவர் கொடுத்தனுப்பிய கேசட்டுகள். தினமும் சோறு ஊட்டும்போது அதில் ஒன்றைப் போட்டுவிட்டு, “அப்பா பேசுறாங்க பாரு” என்று பெட்டியைக் காட்டியவள் நான்தான்.

தன் அப்பாவின் பேட்டரியைக் கழற்றிக் கொடுத்துவிட்டுத்தான் பிள்ளை இவ்வளவு நேரம் எங்களோடு விளையாடியிருக்கிறாள்.

அவர் அவள் பக்கத்தில் வந்து மண்டியிட்டார். எல்லாக் கேசட்டும் ஒரே மாதிரிதான் முடியும். எங்கள் வீட்டில் அது எல்லோருக்கும் மனப்பாடம். அந்த இடம் வந்ததும் பெட்டியோடு சேர்ந்து அவரும் சொன்னார்.

“கிட்ட வாடா தங்கம்...”

ஒரே குரல் இரண்டு பக்கத்திலிருந்தும் வந்தது. ஜாஸ்லின் பெட்டியைப் பார்த்தாள். அவரைப் பார்த்தாள். பொத்தானைத் தட்டிப் பெட்டியை நிறுத்தினாள்.

குரல் நிற்கவில்லை.

“...நெத்தியக் காட்டு. அப்பா சிலுவை போடுறேன்.”

தினமும் இந்த இடத்தில் பெட்டிமேல் நெற்றியை வைப்பாள். இன்று வைக்கவில்லை. எழுந்து அவருக்குப் பின்னால் போனாள். சட்டையைத் தூக்கி, முதுகு முழுவதும் தடவிப் பார்த்தாள்.

பேட்டரி மூடி எதுவும் இல்லை.

முன்னால் வந்து அவரிடம் நெற்றியைக் காட்டினாள்.