மூன்றாம் நம்பர் அறை

"மாத்திரை டப்பாவை மறந்தது யாரு?"

"அவசரப்படுத்தினது யாரு? அஞ்சு நிமிஷம் பொறுங்கன்னு சொன்னேனா இல்லையா?"

"பொறுத்திருந்தா பஸ் போயிருக்கும்!"

"ஆமா, பஸ்ஸைப் பிடிச்சு சொர்க்கத்துல கொண்டுவந்து இறக்கிட்டீங்க! கூரையைப் பாருங்க, எப்ப தலையில விழும்னே தெரியல."

விடுதிக்காரம்மாவுக்குக் கோபம் வரவில்லை. பஸ் கடைசியாக நிற்கும் இடத்தில், பாதி ஓடு பெயர்ந்த கட்டடம். உள்ளதைத்தானே சொல்கிறார்கள்!

தலை நரைத்த இந்த ஜோடி காலையில் வந்து இறங்கியதிலிருந்து இதே பாட்டுதான். நாற்பது வருஷம் குடித்தனம் நடத்தினால் கொஞ்சலும் இப்படித்தான் ஆகிவிடும் என்று சிரித்தபடி, சாப்பாட்டு அறை மேஜையில் டீயை வைத்தாள்.

பெரியவர் சர்க்கரைக் கிண்ணத்தை எடுத்தார். "உனக்கு எத்தனை கரண்டி?"

"ரெண்டு. கஞ்சத்தனம் பண்ணாதீங்க."

வாசலில் கார் நிற்கும் சத்தம். விடுதிக்காரம்மா முன்னறைக்கு வருவதற்குள், நாற்பது வயசு ஆள் ஒருவன் கடுகடுவென்று உள்ளே வந்துவிட்டான்.

"இங்க ஒரு ஜோடி வந்துச்சா? வீட்டை விட்டு ஓடிவந்த ஜோடி."

அவள் பார்வை பக்கத்துக் கதவுக்குப் போனது. மூன்றாம் நம்பர்! நேற்று வந்த இளசுகள். அறைத் திரை இன்னும் விலகவில்லை. அந்தப் பெண் கேட்டது ஒரே கேள்விதான்: "உள்தாழ்ப்பாள் கெட்டியா இருக்காக்கா?"

அண்ணன்காரன் மோப்பம் பிடித்து வந்துவிட்டான். கையில் சிக்கினால் அதுகள் கதி?

"ஜோடியாவது மண்ணாவது! மாடியில ஒரு வயசான புருஷன் பொண்டாட்டி தங்கியிருக்காங்க. விடிஞ்சதுலேர்ந்து சண்டை. அவ்வளவுதான் சார் இங்க கூட்டம்." பேசிக்கொண்டே மூன்றாம் நம்பர் வாசலில் கிடந்த செருப்புகளைக் காலால் ஓரம் தள்ளினாள். "நம்பலைன்னா மேல போய்ப் பாருங்க."

அவர்கள் சாப்பாட்டு அறையில் இருப்பதால் மாடி அறை காலி என்பது அவளுக்குத் தெரியும். ஆளை இங்கிருந்து கிளப்பினால் போதும்.

அவன் முகம் மாறியது. இரண்டிரண்டு படியாகத் தாவி ஏறினான்.

நெஞ்சைத் தடவிக்கொண்டு சாப்பாட்டு அறைக்குத் திரும்பினாள். சண்டை ஓய்ந்திருந்தது. டீ ஆறிக்கிடந்தது. இருவரும் பையும் கையுமாக எழுந்து நின்றிருந்தார்கள்.

பெரியவரின் கையை இறுகப் பிடித்தபடி அந்த அம்மாள் கிசுகிசுத்தாள்:

"மேல போறது என் பையன். பின்வாசல் எந்தப் பக்கம்மா?"