பதினோராம் பக்கம்

பச்சையம்மா ஜெகதாவுக்குத் தரவேண்டியது எண்ணூற்று நாற்பது ரூபாய். வக்கீல் செலவுக்கு வாங்கியது. திண்டிவனம் கோர்ட்டு வாசல் வெயிலில் இருவரும் நிற்கிறார்கள். இருவர் புருஷன்களையும் ஒரே சாராய வழக்கில் குண்டர் சட்டம் போட்டுக் கடலூர் ஜெயிலில் அடைத்தார்கள். பச்சையம்மா புருஷனை மட்டும் ஐகோர்ட்டு விட்டுவிட்டது. போலீஸ் கொடுத்த வழக்குக் காகித நகலில் பதினோராம் பக்கம் படிக்க முடியாமல் மங்கியிருந்ததாம்; படிக்க முடியாத நகல் கொடுத்தால் உள்ளே வைத்தது செல்லாதாம். ஜெகதாவிடம் இருந்த நகலிலும் அந்தப் பக்கம் மங்கல்தான். வக்கீலுக்குக் கண் வலிக்குமே என்று, அறிவொளியில் எழுத்து கற்ற ஜெகதா, ஒவ்வொரு எழுத்தின் மேலும் பேனாவால் அழுத்தி எழுதிக் கொடுத்துவிட்டாள். “இவ்ளோ தெளிவா இருந்தா கேஸு எப்பிடிம்மா நிக்கும்?” என்றார் வக்கீல். பச்சையம்மா தலையில் புதுக் கனகாம்பரம் எரிகிறது. “எனக்கு எழுத்து தெரியாததே நல்லதா போச்சு பாருடி,” என்று சிரிக்கிறாள். “கொல்லையில மல்லாட்டை புடுங்கி வித்ததும் உன் பணத்த குடுத்துடறேன்.” ஜெகதா அந்தப் பூவையே பார்க்கிறாள். “பணம் வாணாங்கா. உன் பதினோராம் பக்கத்த குடு, என் கட்டுல சொருவிக்கறேன்.” பச்சையம்மா சிரிப்பு நின்று, பையிலிருந்த காகிதக் கட்டிலிருந்து அந்தத் தாளை உருவித் தருகிறாள். ஜெகதா அதை வெயிலுக்கு நேரே தூக்கிப் பிடிக்கிறாள். ஓர் எழுத்தும் தெரியவில்லை. “உன் கடன் தீந்துதுக்கா,” என்கிறாள்.